மழை விழுந்தால் வயல் என்னுடையது

என் கணவர் இந்தியாவுக்கு ஆடியதில்லை. தமிழ்நாட்டுக்கும் ஆடியதில்லை. மாவட்ட அணிக்கு ஒரே ஒரு முறை கூப்பிட்டார்கள். இரண்டு நாள் தண்ணீர் பாட்டில் தூக்க வைத்துத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். அவர் ஆடியதெல்லாம் மாவட்ட லீக்கில் மூன்றாம் டிவிஷன், அதை விட்டால் அறுப்பு முடிந்த வயலில் கோடையில் நடக்கும் ஊர்ப் போட்டிகள். இதை முப்பத்தைந்து வருஷம் விடாமல் செய்தார். கூட்டுறவுச் சங்கத்தில் எழுத்தராக இருந்ததைவிட இதில்தான் அவருக்கு சர்வீஸ் அதிகம்.

பெண் பார்க்க வந்தபோது, மாப்பிள்ளைக்குக் கெட்ட பழக்கம் ஒன்றும் கிடையாது, கிரிக்கெட் மட்டும் கொஞ்சம் ஆடுவார் என்று தரகர் சொன்னார். அந்தக் ‘கொஞ்சம்’ என்ற வார்த்தையை நம்பித்தான் கழுத்தை நீட்டினேன்.

எங்கள் ஊர் கடைமடை. மேட்டூரில் திறக்கும் தண்ணீர் எல்லா ஊரையும் விசாரித்துவிட்டுக் கடைசியில்தான் எங்களிடம் வரும். சில வருஷம் வராமலே போவதும் உண்டு. அதனால் வயல் காய்ந்து கிடக்கும் மாதங்கள் எங்களுக்கு மற்றவர்களைவிட அதிகம். மேலே உள்ள ஊர்க்காரர்கள் நாற்று விடும்போதும் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் கையில் மட்டையோடு நிற்பார்கள். சுற்றுவட்டாரத்தில் எங்கள் ஊர் அணி பலமானது என்று பெயர் வாங்கியதற்கு வேறு ரகசியம் எதுவும் கிடையாது.

மைதானத்தின் நடுப்பகுதி எங்கள் வயல். சுற்றியுள்ளவை பங்காளிகளின் வயல்கள். அவர்கள் சம்பா அறுப்புக்கு முன்பே உளுந்து தெளித்து, பங்குனியில் அதைப் பிடுங்கிக் காசாக்கிவிட்டு, அப்புறம் பெரிய மனது பண்ணி விளையாடிக்கொள்ளச் சொல்வார்கள். பிட்ச் இருக்கும் நடுவயலுக்கு அது கதைக்காகாது. தை மாதமே அதை நனைத்து, மட்டம் பார்த்து, உருளை உருட்டி இறுக்க வேண்டும். ஆகவே எங்களுக்கு உளுந்து கிடையாது. ஊரே உளுந்து மூட்டை கட்டும்போது நான் மளிகைக் கடையில் உளுந்து வாங்குவேன். இட்லிக்கு ஊறப்போடும்போதெல்லாம் அவரைத் திட்டாமல் ஊறப்போட்டதில்லை.

அவரிடம் ஒரு புத்தகம் உண்டு. கும்பகோணத்தில் கல்லூரியில் படித்தபோது பழைய புத்தகக் கடையில் வாங்கியது. இரண்டு உலகப் போர்களுக்கும் நடுவில் இங்கிலாந்தில் ஒரு கவுண்டிக்காக, நம் கணக்கில் சொன்னால் ஒரு மாவட்டத்துக்காக, ஆடிய ஒருவருடைய வாழ்க்கை. கல்யாணமான புதிதில் மற்ற புருஷன்மார் மல்லிகைப் பூவும் அல்வாவும் வாங்கி வந்தார்கள். என் வீட்டுக்காரர் இந்தப் புத்தகத்தைத் தமிழில் சொல்லி என்னைத் தூங்க வைத்தார்.

அந்த மனிதர் சுரங்கத் தொழிலாளியின் மகன். முதல் போர் முடிந்து ராணுவத்திலிருந்து வந்து பந்தைக் கையில் எடுத்தவர், அடுத்த போர் வரும் வரை அதைக் கீழே வைக்கவில்லை. என் வீட்டுக்காரரைப் போலவே இடது கை, அதே மெதுவான சுழல்பந்து. கோடை முழுவதும் ஆட்டம், இரவானால் ரயில், இறங்கினால் மறுபடி ஆட்டம். சம்பளத்துக்கு ஆடுகிறவர் என்பதால் கனவான் வீட்டு ஆட்டக்காரர்கள் ஒரு வாசல் வழியாகவும் அந்த மனிதர் இன்னொரு வாசல் வழியாகவும் மைதானத்துக்குள் இறங்க வேண்டும். குளிர்காலத்தில் ஆட்டமும் இல்லை, சம்பளமும் இல்லை, திரும்பவும் கரி அள்ளப் போய்விடுவார். பக்கத்துக் கவுண்டியில் அவரைவிட ஒரு மாற்றுக் கூடுதலான இடதுகைக்காரர் ஒருவர் இருந்துவிட்டார். அதனால் நாட்டு அணிக்கு அவரை ஒரு நாளும் கூப்பிடவில்லை.

அந்தக் காலத்தில் மழை பெய்தால் பிட்சை மூட மாட்டார்களாம். நனைந்தால் நனைந்ததுதான். மழை விட்டு, வெயில் சுள்ளென்று அடித்து, மேல்தோல் காய்ந்தும் உள்ளே ஈரம் இருந்துமாக ஒரு நேரம் வரும். அப்போது மெதுவாகப் போடுகிற இடதுகைக்காரரிடம் பந்து போனால், ராஜாதி ராஜனாக இருந்தாலும் தப்ப முடியாது. அப்படி ஒரு மத்தியானத்தைப் பற்றி அந்தப் புத்தகத்தில் ஓர் அத்தியாயம் இருக்கிறது. அது வந்தால் இவர் குரலே மாறிவிடும். ஒரு நாள் அதைச் சொல்லி முடித்துவிட்டு, புத்தகத்தை மூடிக்கொண்டே சொன்னார்: "வாழ்க்கையில ஒரு தடவ அந்த மாதிரி பிட்ச்சுல போட்டுப் பாத்துடணும். ஒரே ஒரு தடவ போதும்."

நான் சிரித்தேன். நனைந்த வயலில் நாற்று நடுவார்கள், பந்தா போடுவார்கள் என்று கேட்டேன். அவரும் சிரித்தார். அதற்கப்புறம் அந்தப் பேச்சை அவர் எடுக்கவே இல்லை.

அவர் சங்கத்துக்குப் போய்விடுவதால் விவசாயம் என் பொறுப்பு. அடுத்த வருஷக் கோடையில் வயலுக்காக ஒரு பெரிய சண்டை போட்டு, கடைசியில் ஓர் ஒப்பந்தத்துக்கு வந்தோம். தை பிறந்ததும் வயலை அவர் எடுத்துக்கொள்ளலாம். கோடை மழை விழுந்த அன்று அது என் கைக்கு வந்துவிட வேண்டும். ஏனென்றால் அந்த ஈரத்தில் ஓர் உழவு போட்டு மண்ணைப் புரட்டிவிட்டால் கோரையும் புல்லும் வேரோடு காயும், புழு பூச்சி சாகும், சம்பாவுக்கு மண் பொலபொலவென்று நிற்கும். சித்திரை மாதப் புழுதி பத்தரை மாற்றுத் தங்கம் என்று சும்மாவா சொன்னார்கள்? ஆனால் எங்கள் மண் களி. மழை விட்டதும் இறங்கினால் சக்கரம் புதைந்துகொள்ளும். ஒரு நாள் அசந்தால் பாறையாகிவிடும். நடுவில் கொஞ்ச நேரம்தான் பதம். ஊரே அந்த நேரத்தில்தான் டிராக்டரைத் தேடும்.

"மழ விழுந்தா வயல் என்னுது," என்றேன்.

"சரி," என்றார்.

அந்தச் சரியைச் சொல்ல அவர் எதை விட்டுக்கொடுத்தார் என்று எனக்கு அப்போது உறைக்கவில்லை. லீக் ஆட்டம் தேங்காய் நார் விரிப்பின் மேல் நடக்கும். தூறல் போட்டால் விரிப்பைச் சுருட்டிக்கொண்டு பஸ் ஏறிவிடுவார்கள். அவர் ஆசைப்பட்ட ஈரம் காயும் பிட்ச் கிடைக்கக்கூடிய இடம் உலகத்தில் எங்கள் வயல் ஒன்றுதான். அதில் மழை விழுந்த மறுநாளெல்லாம் நான் டிராக்டரை இறக்கிக்கொண்டிருந்தேன். நான் செய்தது தப்பென்று இன்றைக்கும் சொல்ல மாட்டேன். உழவு உழவுதான். ஆனால் ஒரு வருஷம்கூட அவர் முகம் சுளிக்கவில்லை, ஒரு மணி நேரம் பொறு என்று வாய் திறந்து கேட்கவில்லை. அதை நினைத்தால் எனக்கு இப்போதும் ஆச்சரியமாகத்தான் இருக்கிறது.

மற்றபடி அவர் கிரிக்கெட் எங்கள் வீட்டில் ஓடிக்கொண்டே இருந்தது. காலையில் சங்கத்துக்குக் கிளம்பும் முன் மூன்று பந்துகளை எடுத்துக்கொண்டு வயலுக்குப் போவார். எதிரில் ஆள் கிடையாது, ஒற்றை ஸ்டம்ப் மட்டும். மூன்றையும் போட்டுவிட்டு, நடந்துபோய்ப் பொறுக்கிக்கொண்டு வந்து, மறுபடி போடுவார். சாமிக்குப் பூப்போடுகிறாரா என்று நான் கிண்டல் பண்ணுவேன். மகள் பிறந்த அன்று திருவாரூரில் ஆட்டம். பந்தைத் துடைத்துத் துடைத்துச் சிவந்துபோன வெள்ளைப் பேண்ட்டோடு ஆஸ்பத்திரிக்கு வந்தார். என் அம்மா ரத்தம் என்று நினைத்துப் பதறிவிட்டாள்.

புத்தகத்து மனிதருக்கு வந்த அதே விதி இவருக்கும் வந்தது. எங்கள் மாவட்டத்திலேயே இன்னொரு இடதுகைப் பையன் இருந்தான், நெட்டையாக. இவர் தண்ணீர் பாட்டில் தூக்கிய ஆட்டத்தில் ஆடியது அவன்தான். பிறகு மாநில அணிக்கே போனான். எனக்கு வயிறு எரிந்தது. இவரோ பேப்பரில் அவன் பெயர் வரும்போதெல்லாம் சொந்தத் தம்பி பாஸான மாதிரி எனக்கு எடுத்துக் காட்டுவார். உங்களுக்குக் கொஞ்சம்கூடப் பொறாமையே கிடையாதா என்று கேட்டேன். அவன் தன்னைவிட நன்றாகப் போடுகிறான், அதற்கு என்ன செய்ய முடியும் என்றார். அடக்கத்துக்காகச் சொன்னதில்லை, எடை போட்டுச் சொன்னார்.

இதெல்லாம் நடந்து, மகள் கல்யாணமாகிப் போய், அவர் சங்கத்திலிருந்து ஓய்வு பெற்று, அடுத்த வருஷம் திருக்கடையூரில் மாலையும் கழுத்துமாக உட்கார வேண்டிய வயதும் வந்துவிட்டது. தோளைத் தூக்கிச் சட்டை போடவே முனகினார். இந்தக் கோடையோடு நிறுத்திக்கொள்கிறேன் என்று அணியில் சொல்லிவிட்டார். ஊர்ப் போட்டியின் இறுதியாட்டத்தில் டவுன் அணியோடு மோதல். சித்திரை கடைசி ஞாயிற்றுக்கிழமை.

சனிக்கிழமை சாயங்காலம் கோடை மழை பிடித்துக்கொண்டது. இடியும் காற்றுமாக ஒரு மணி நேரம் ஊற்றித் தள்ளியது. மழை விடுவதற்குள்ளேயே நான் டிராக்டர்காரத் தம்பிக்கு போன் போட்டு மறுநாள் மூன்று மணிக்கு முறை வாங்கிவிட்டேன். விட்டால் அடுத்த முறை கிடைக்க ஒரு வாரம் ஆகும், அதற்குள் மண் கெட்டிப்பட்டுவிடும். டவுன் அணிக்காரர்கள் ஆட்டத்தைக் கைவிட்டுக் கோப்பையை ஆளுக்கு ஆறு மாதம் வைத்துக்கொள்ளலாம் என்று சொல்லி அனுப்பினார்கள்.

ஞாயிறு காலை வெயில் பளிச்சென்று அடித்தது. அவர் காபி டம்ளரைப் பிடித்துக்கொண்டு வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். காபி ஆடை கட்டிவிட்டது. நான் உள்ளேயும் வெளியேயும் நடந்துகொண்டிருந்தேன். அவர் மனதில் ஓடுவது எனக்குத் தெரியும், எனக்குத் தெரியும் என்று அவருக்கும் தெரியும். அத்தனை வருஷத்தில் கேட்காததை அன்றைக்குக் கேட்டார்.

"வயல சாயங்காலம் வரைக்கும் எனக்குத் தர்றியா?"

சரி என்றால் உழவு போய்விடும். இல்லை என்றால் அவருக்கு இன்னொரு கோடை கிடையாது. செருப்பை மாட்டிக்கொண்டு வயலுக்கு நடந்தேன். அவர் பின்னாலேயே வந்தார்.

பிட்ச் ஓரத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து ஒரு விரற்கடை மண்ணைக் கிள்ளி எடுத்து உருட்டினேன். கையில் ஒட்டியது. மண்ணைப் பார்த்ததும் எனக்குப் புத்தி வேலை செய்ய ஆரம்பித்துவிட்டது. மேலே காய்ந்து, உள்ளே ஈரம் இருந்து, கையில் ஒட்டாமல் உருளும் நேரம். அதைத்தானே உழவுக்கு நான் வருஷா வருஷம் பார்க்கிறேன்? அந்த இங்கிலாந்துக்காரருக்கு வாய்த்த மத்தியானமும் அதுதானே? நான் கலப்பைக்குத் தேடிய பதத்தைத்தான் இந்த மனிதர் வாழ்நாளெல்லாம் பந்துக்குத் தேடியிருக்கிறார். ஒரே வீட்டில், ஒரே வயலில்.

"இப்ப எறங்குனா சேறு," என்றேன். "பன்னெண்டுக்கு நடக்கலாம், ஆனா மண்ணு செத்துக் கெடக்கும், பந்து எழும்பாது. ரெண்டரைக்கு மேலதான் பதம் வரும். நாலு மணி தாண்டுனா பாறை. மொதல்ல நம்ம பசங்கள மட்ட புடிக்கச் சொல்லுங்க. பதம் வந்தப்பறம் நீங்க போடுங்க."

அவர் என்னைப் பார்த்த பார்வையைப் பெண் பார்க்க வந்த அன்றுகூடப் பார்க்கவில்லை.

டவுன் அணியைப் பேசி வரவழைத்துவிட்டார்கள். பதினைந்து ஓவர் ஆட்டம், ஒருவருக்கு மூன்று ஓவருக்கு மேல் கிடையாது. டாஸில் ஜெயித்து எங்கள் பிள்ளைகள் முதலில் ஆடினார்கள். பந்து விழுந்த இடத்தில் அப்படியே சொத்தென்று உட்கார்ந்தது. தட்டித் தடவி எழுபத்துச் சொச்சம் எடுத்தார்கள். இது ஒரு ரன்னா என்று டவுன் பையன்கள் சிரித்துக்கொண்டே சாப்பிட உட்கார்ந்தார்கள். ஐந்து நிமிஷத்தில் சாப்பிட்டு எழுந்துவிடுகிற என் வீட்டுக்காரர் அன்று இரண்டாம் தடவை ரசம் கேட்டார், மோர் கேட்டார், ஊறுகாயை நக்கிக்கொண்டு டவுன் பையன் ஒருவனின் குலம் கோத்திரமெல்லாம் விசாரித்தார். வெயிலுக்கு நேரம் கொடுக்கிறார் என்று எனக்கு மட்டும் புரிந்தது.

அதுவரை அவர் பந்து போடுவதை நான் உட்கார்ந்து பார்த்ததே இல்லை. சோறு கொண்டுபோய் வைத்துவிட்டு வந்துவிடுவேன். அன்றைக்கு வரப்பில் முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன்.

வேகப்பந்து போட்ட பிள்ளைகள் ஈரத்தில் வழுக்கி வழுக்கி ரன்னை வாரிக் கொடுத்தார்கள். அப்புறம் இவரைக் கூப்பிட்டார்கள். மணி ஏறக்குறைய மூன்று. அதே நேரம் வாய்க்கால் ரோட்டில் டிராக்டர் வந்து நின்று ஹாரன் அடித்தது. நான் எழுந்து ஓடினேன். இன்ஜினை அணைத்துவிட்டுச் சற்றுப் பொறுங்கள் என்றேன். தம்பி மறுத்தார், இன்னும் நாலு இடத்தில் காத்திருக்கிறார்களாம். போவதென்றால் போங்கள் தம்பி, நான் கோபித்துக்கொள்ள மாட்டேன் என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்து உட்கார்ந்தேன். எப்படிச் சொன்னேன் என்று எனக்கே தெரியவில்லை.

அவர் நாலு எட்டு வைத்து வந்தார், அவசரமே இல்லாமல். பந்து மேலே போய், அங்கே யோசித்து நிற்கிற மாதிரி நின்று, இறங்கியது. எதிரில் நின்றவன் டவுன் அணியில் பெரிய அடிக்காரன். காலை நீட்டி மட்டையை வைத்தான். பந்து தரையில் பட்டதும் ஒரு தோசைக்கரண்டி அளவுக்கு மேல்மண் பெயர்ந்தது. பந்து எண்ணெயில் விழுந்த கடுகாகத் துள்ளி, திரும்பி, அவன் கையுறையைத் தொட்டுக்கொண்டு ஸ்லிப்பில் நின்றவன் கையில் போய் விழுந்தது. அவுட்டானவன் போகாமல் தரையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

அடுத்து வந்தவன் அதைப் பார்த்துப் பின்னால் தள்ளி நின்றான். அவனுக்குத் துள்ளாமல் நேராகப் போனது, ஸ்டம்ப் விழுந்தது. எனக்குக் கிரிக்கெட் தெரியாது, ஆனால் மண் தெரியும். அந்த மண்ணில் எந்த இடம் காய்ந்திருக்கிறது, எந்த இடத்தில் இன்னும் ஈரம் பிடித்திருக்கிறது என்று நான் காலால் மிதித்துச் சொல்வதை, அவர் இருபது கெஜம் தள்ளி நின்று பந்தால் சொல்லிக்கொண்டிருந்தார். தோள் வலிக்காரர் என்று யாரும் சொல்ல முடியாது. மூன்று ஓவரில் ஐந்து பேரை அனுப்பினார். டவுன் பையன்கள் சிரிப்பை நிறுத்தி வெகு நேரம் ஆகியிருந்தது. திரும்பிப் பார்த்தால் டிராக்டர்காரத் தம்பி போகவில்லை. எனக்குப் பக்கத்து வரப்பில் உட்கார்ந்து வாயைப் பிளந்துகொண்டிருந்தார்.

மூன்று ஓவர் முடிந்தால் முடிந்ததுதான். அவர் தொப்பியை வாங்கிக்கொண்டு தள்ளிப் போய் நின்றார். மற்ற பிள்ளைகளுக்கு அந்த மண்ணை என்ன செய்வதென்று தெரியவில்லை. டவுன் அணியின் கடைசி ஜோடி கண்ணை மூடிக்கொண்டு வீசி ஜெயித்துவிட்டது. எனக்கு அழுகையும் ஆத்திரமுமாக வந்தது.

"கோப்ப போயிடிச்சே," என்றேன் அவரிடம்.

"எந்தக் கோப்ப?" என்றார். நடிப்பில்லை. நிஜமாகவே அவருக்கு ஒரு கணம் ஞாபகம் வரவில்லை. குளித்துவிட்டு வந்தவர் முகம் மாதிரி இருந்தது அவர் முகம்.

பிள்ளைகள் கலைந்தார்கள். அவரே ஸ்டம்புகளைப் பிடுங்கி ஆட்டி மண்ணை உதறினார். டிராக்டரைப் பார்த்துக் கையைக் காட்டினார்.

"நடுவுலேருந்து ஆரம்பிங்க தம்பி. ஈரம் அங்கதான் மிச்சம் இருக்கு."

தம்பி என்னைப் பார்த்தார். ஆசைப்பட்டது கிடைத்த கையோடு அதைத் திருப்பிக் கொடுக்கிற மனிதரை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

"சுத்தி ஓட்டுங்க தம்பி," என்றேன். "நடுவ விட்டுடுங்க."

"ஏன்? உழவு கெட்டுடும்," என்றார் அவர்.

"மழ விழுந்தா வயல் யாருது?"

அவர் ஸ்டம்புகளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வரப்பில் ஏறினார். டிராக்டர் பிட்சைச் சுற்றிக்கொண்டு ஓடியது. வயல் நடுவில் பாய் விரித்த மாதிரி அது மட்டும் கிடந்தது. களை பறிக்க வருகிற பெண்கள் அந்த வழியாகப் போகும்போதெல்லாம் என்னைக் கேலி பண்ணினார்கள்.

ஆடியில் தண்ணீர் வந்து சேற்றுழவு போடும்போது அதையும் சேர்த்து உழுதோம். விவசாயி வேறென்ன செய்வாள்? ஆனால் அதற்கு முன்பு, வைகாசி வெயிலில் ஒரு நாள் நான் தனியாக அங்கே போனேன். களி இறுகிக் கல்லாகியிருந்தது. அன்றைக்குப் பந்துகள் விழுந்த தடமெல்லாம் அப்படி அப்படியே காய்ந்து நின்றன. வேகமாகப் போட்ட பிள்ளைகளின் தடங்கள் நீளக் கீறல்களாகக் கண்டபடி சிதறிக் கிடந்தன. அவருடையவை சின்னச் சின்ன வட்டக் குழிகள். ஒன்றின் மேல் ஒன்றாக, ஒன்றை ஒன்று தொட்டுக்கொண்டு, எல்லாம் ஒரே இடத்தில். ஒரு முறத்தால் மூடிவிடலாம் என்று தோன்றியது. அப்படியும் இருக்குமா என்று நம்ப முடியாமல் வீட்டுக்குப் போய் முறத்தை எடுத்து வந்தேன்.

கவிழ்த்து வைத்துப் பார்த்தேன். ஒரு குழிகூட வெளியே தெரியவில்லை.